களிசான் சிப்

"படிச்ச பிள்ளையள் மெசினில இருந்தா ஊசிதான் முறியும்" என்றார் என்னிடம் தைக்கக் கொடுக்க வந்த அக்கா. எங்கள் வீட்டில் முதன்முதலாகப் படித்தவள் நான். எதுவும் எனக்கு வரும் என்று சொல்லித் துணியை வாங்கினேன்.

மெலிந்த மனுசி. கையில் கணவரின் கறுப்புக் கண்ணாடி. பேசும்போதெல்லாம் அதைச் சேலைத் தலைப்பால் துடைத்துக்கொண்டிருந்தார். கொழும்பில் கடையைப் பார்க்கப் போன கணவர் ஒரு வருடமாகத் திரும்பவில்லை. நாளை மறுநாள் அக்கா புங்குடுதீவை விட்டுப் போகிறார். மூட்டைக்குள் கண்ணாடி உடையாமலிருக்க, சிப் வைத்த ஒரு துணிப்பை வேண்டும். சண்டைக்காலப் பொருளாதாரத் தடையால் கடைகளில் சிப் இல்லை. அதனால் கணவரின் களிசானைக் கொண்டுவந்திருந்தார்.

"சிப்பை வெட்டினா, அவர் வந்து என்னத்தை உடுக்கிறது, அக்கா?"

"வந்தாச் சாரம் கட்டட்டும். நீர் வெட்டும்."

பை வடிவாகத்தான் வந்தது. அக்கா சிப்பை ஒருமுறை இழுத்தார். அதன் தலை கழன்று கையில் வந்துவிட்டது. நீளம் கூடவென்று மேல்முனையை வெட்டிய நான், வெட்டிய இடத்தைத் தைத்து அடைக்க மறந்துவிட்டேன். திரும்ப ஏற்றப் பார்த்ததில் பல்லும் நெளிந்துபோனது.

ஏசுவார் என்று நினைத்தேன்.

"விடும் பிள்ளை. எனக்கு இப்ப ஒண்டும் பொருந்தி வாறேல்லை."

கண்ணாடியைத் துடைத்தபடி எழுந்து போனார். கணவர் வருவார் என்று நம்பித்தான் அதைக் காத்தாரா என்று எனக்கு இன்றும் விளங்கவில்லை.

அன்று பின்னேரமே, அக்கா விட்டுப்போன பைக்காக என் சான்றிதழ்கள் வைத்திருந்த பையின் சிப்பைப் பிரித்தெடுத்தேன். இந்த முறை முதலில் இரண்டு முனைகளையும் இறுக்கித் தைத்துவிட்டேன்.