முட்டி என்று சொல்லி அனுப்பினேன்

கால்பந்து ஆடத் தெரியும் என்ற ஒரே தகுதியில்தான் எனக்கு டெல்லியில் சர்க்கார் வேலை கிடைத்தது. எழுபதுகளின் கடைசி. குமாஸ்தா நாற்காலியெல்லாம் பெயருக்கு. காலையில் கையெழுத்து, பிறகு மைதானம். இரண்டு வருஷம் ஒழுங்காக ஆடினால் நிரந்தரம், இல்லையென்றால் வந்த வழியே திரும்ப வேண்டியதுதான். கல்யாணமாகி ஆறு மாதம். வடசென்னையில் திரும்பிப் போக எங்களுக்கு ஓர் இடமும் இல்லை. அந்தப் பயத்தில்தான் ஒவ்வொரு பந்தையும் துரத்தினேன்.

இரண்டாம் வருஷத்தின் கடைசி ஆட்டத்துக்கு மூன்று நாள் முன்பு, பயிற்சி முடியும் நேரத்தில் வலது முட்டிக்குள் ஏதோ பிசகியது. மறுநாள் எழுந்து நிற்க முடியவில்லை. மோதி பாக்கில் நாங்கள் இருந்த ஒற்றை அறையில் ரஜாயைப் போர்த்திக்கொண்டு கிடந்தேன். அடுத்த பிளாக்கிலிருந்த ஆபீஸ் நண்பர் பஸ்ஸுக்கு ஓடும் வழியில் எட்டிப் பார்த்தார். டெல்லியிலேயே பிறந்த தமிழர்; அவர் தமிழ் பாதி வழியில் ஹிந்திக்குத் தாவிவிடும். எனக்கோ அச்சாவுக்கு மேல் ஹிந்தி வராது.

"முட்டி வீங்கிப் போச்சு சார். இந்த ஒரு மேட்ச் விட்டுடச் சொல்லி கோச்கிட்ட கேளுங்க."

சாயங்காலம் பதிலோடு வந்தார். "அது ஒண்ணும் பெரிசில்லையாம். பட்டி கட்டிட்டு வந்துடுங்கன்னு சொல்றார்."

அந்தக் கோச்சை வாய்க்கு வந்தபடி திட்டினேன். மனைவி போகவேண்டாம் என்று அழுதாள். போகாவிட்டால் என்ன ஆகும் என்று நானும் அழுதேன். அவமானமாக இருந்தது.

முட்டியை இறுகக் கட்டி, மேலே உறையை மாட்டிக்கொண்டு போனேன். அணியில் பாதிப் பேர் அப்படித்தான் மாட்டுவார்கள். கோச் என் இரண்டு கைகளையும் பிடித்துத் திருப்பித் திருப்பிப் பார்த்து, முதுகில் தட்டினார். வாழ்த்துகிறார் என்று நினைத்தேன். இருபது நிமிஷம் ஓடியிருப்பேன். ஒரு பந்துக்குத் திரும்பியபோது கால் எனக்குக் கீழே இல்லை.

ஆஸ்பத்திரியில், இனி ஆட முடியாது என்று டாக்டர் சொன்ன பிறகு கோச் கட்டில் பக்கத்தில் நின்று கத்தினார். ஏன் மறைத்தேன் என்று கேட்கிறார் என்றார் நண்பர். எனக்குக் கோபம் தலைக்கேறியது. "மறைச்சேனா? முட்டி, முட்டின்னு சொல்லி அனுப்பினேனே" என்றேன்.

கோச் தன் வலது கையை மூடி, முஷ்டியாக என் முன்னால் நீட்டினார். "முட்டி," என்றார். பிறகு என் கட்டுப் போட்ட காலைத் தொட்டு, "குட்னா" என்றார். நண்பர் சுவரைப் பார்த்துக்கொண்டு நின்றார்.

கோச் மெதுவாக இன்னும் கொஞ்சம் பேசினார். முன்பே தெரிந்திருந்தால் உன்னை உட்காரவைத்துவிட்டு, நிரந்தரத்துக்கு நானே எழுதிக் கொடுத்திருப்பேன், இப்போது ஆட முடியாதவனுக்கு என்ன எழுதுவது என்றார். நண்பர் அதைத் தமிழில் சொல்ல வாயெடுத்தார். வேண்டாம் என்று கை காட்டினேன். முதல் முறையாக, அந்த ஹிந்தி முழுவதும் எனக்குப் புரிந்திருந்தது.