பட்டுச்சேலையில் களையெடுப்பு

என் சின்ன மாமா சாமியாராக வேண்டும் என்று குருமடத்துக்கு அனுப்பினார்கள். அவர் சினிமாக் கேமராவோடு வந்து சேர்ந்தார். அதுவும் பாட்டும் சண்டையும் உள்ள சினிமா இல்லை. கொட்டகையில் நிஜப் படத்துக்கு முன்னால் அணை, உரம், அம்மை ஊசி என்று காட்டுவார்களே, அந்த அரசாங்கச் செய்திப்படம். சில ஆண்டுகள் கேமராக்காரருக்குப் பெட்டி தூக்கியவரிடம் முதல்முறையாகக் கேமராவைக் கொடுத்து, ராகி விவசாயத்தைப் படம் பிடித்துவரச் சொல்லியிருந்தார்கள். சரியாக வராவிட்டால் மறுபடியும் பெட்டிதான். கடத்தூர் பக்கம் எங்கள் கொல்லையில் ராகி நின்றது, களையும் நின்றது. மாமா ஜீப்பில் வந்து இறங்கினார்.

அவர் செய்த ஒரே பிழை, முறைப்படி முன்னறிவிப்புக் கொடுத்தது. காலையில் பார்த்தால், ஈஸ்டர் பூசைக்குக் கிளம்பியதுபோல் ஊரே கொல்லையில் நின்றது. அப்பா சலவைச் சட்டையில் மண்வெட்டி பிடித்திருந்தார். அம்மா கல்யாணப் பட்டில், தலை நிறையக் கனகாம்பரத்தோடு, கையில் களைக்கொத்து. எல்லோருக்கும் முன்னால் நான், கோயிலில் புதுநன்மைச் சடங்குக்குத் தைத்த வெள்ளைக் கவுனில்.

"அக்கா, பட்டுச்சீல கட்டிக்கிட்டு யாராச்சும் களை எடுப்பாங்களா?"

"ஊரு ஒலகமே பாக்கப்போவுது. கந்தலக் கட்டிக்கிட்டு நின்னா மானம் போவாதாடா? நீ குருமடத்த வுட்டு ஓடியாந்தப்ப போனது போதும்."

மாமா எங்களை வரிசையாக நிறுத்தினார். பிறகு கேமராவுக்குச் சாவி கொடுத்தார். அது கிர்ரென்று ஓடத் தொடங்கியதும் எல்லோரும் மூச்சைப் பிடித்துச் சிலையாக நின்றார்கள். எங்களுக்குத் தெரிந்ததெல்லாம் தருமபுரி போட்டோ ஸ்டூடியோ. அங்கே அசைந்தால் படம் கெட்டுவிடும்.

"நல்லா இருக்குதுங்க, அப்படியே இருங்க" என்று மாமா இன்னும் ஓட்டினார். ஒரு களைகூடப் பிடுங்கப்படவில்லை.

"அவ்வளவுதாங்க, முடிஞ்சுது" என்றதும் எல்லோரும் வீட்டுக்குப் போய்ப் பழைய துணிக்கு மாறித் திரும்பினார்கள். அரசாங்கம் வந்து போனாலும் களை இருந்த இடத்தில்தானே இருக்கும். மாமா புளியமரத்தடியில் கேமராவைப் பெட்டிமேல் வைத்து எதையோ துடைத்துக்கொண்டிருந்தார்.

"வேல முடிஞ்சுதுன்னா மாட்டுக்குத் தண்ணியாச்சும் காட்டுடா மாப்ள!" என்று அப்பா கத்தினார். அம்மா வாய்விட்டுச் சிரித்தாள்.

அறுவடையெல்லாம் முடிந்தபின் படம் கடத்தூர் டெண்ட் கொட்டகைக்கு வந்தது. லீவில் வந்திருந்த மாமாவோடு போனோம். அம்மா அதே பட்டு, நான் அதே கவுன். திரையில் ஒரு பெண் சேலையைத் தூக்கிச் செருகி, முந்தானையால் மூக்கைத் துடைத்து, வாய் கொள்ளாமல் சிரித்தபடி களையெடுத்தாள்.

"அடப்பாவி" என்றாள் அம்மா.

என் கவுன் வரவே இல்லை. நான் அழுதேன். "அது பிலிம் போடாம ஓட்டுனது கண்ணு" என்று மாமா காதில் சொன்னார். பிற்காலத்தில் நான் வேலை பார்த்த அலுவலகங்களில் இதே முறை 'பரிசீலனையில் உள்ளது' என்ற பெயரில் நன்றாகவே நடந்தது.

அந்தப் படத்துக்குப் பிறகு ஓய்வுபெறும்வரை மாமாவிடமிருந்து கேமராவை யாரும் திரும்ப வாங்கவில்லை. அம்மா மட்டும் அன்றைக்கு வீடு வரும்வரை அவரோடு பேசவில்லை.

மறுநாள் சாயங்காலம் ஜெபமாலைக்குப் போவதாகச் சொல்லி அம்மா என்னைக் கூட்டிக்கொண்டு கிளம்பினாள், பழைய சேலையிலேயே. கோயிலுக்கு இடப்பக்கம் போக வேண்டும். நாங்கள் வலப்பக்கம் திரும்பினோம். கொட்டகையில் செய்திப்படம் முடிந்து நிஜப் படம் தொடங்கும்போது, "எந்திரு, போலாம்" என்றாள்.

டிக்கெட் வாங்கிவிட்டுப் படம் பார்க்காமல் யாராவது எழுந்து வருவார்களா என்று வழியெல்லாம் நான் முணுமுணுத்துக்கொண்டே வந்தேன்.