அத்தையின் இறப்புச் சான்றிதழ்

தாத்தா இறந்தபின் வாரிசுச் சான்றிதழ் வாங்கும் வேலை என்னிடம் வந்தது. கடலூரில் ஒரு ரசாயனத் தொழிற்சாலையின் தரப் பரிசோதனைப் பிரிவில் இருக்கிறேன். எதையும் பட்டியல் போட்டுச் செய்கிறவள். தேவையான ஆவணங்கள் ஆறு. ஐந்து கிடைத்தன. ஆறாவது, அத்தையின் இறப்புச் சான்றிதழ்.

அத்தை அப்பாவின் அக்கா. நான் பிறப்பதற்கு முன்பே, வீட்டை எதிர்த்து லால்பேட்டைக்காரர் ஒருவரைக் கல்யாணம் செய்துகொண்டு போய்விட்டார். அன்றே தாத்தா வீட்டில் எல்லோரையும் தலைமுழுகச் சொன்னார். கூடத்தில் மாலை போட்ட படம் மாட்டினார்கள். ஆடி மாதம் படையல். அதே நேரத்தில், தாத்தா வீடு இருந்த சிதம்பரத்திலிருந்து ஒரு மணி நேர பஸ் தூரத்தில், அத்தை தையல் மெஷினை மிதித்துக்கொண்டிருப்பார் என்பது எல்லோருக்கும் தெரியும். ஒரு வருடம் படையலுக்குக் காக்கா வரவில்லை. அக்காவுக்கு உடம்பு சரியில்லையோ என்று அப்பா கவலைப்பட்டார்.

கிராம நிர்வாக அலுவலகத்தில் பழைய ரேஷன் கார்டைப் பார்த்துவிட்டு, இன்னொரு பிள்ளை எங்கே என்று எழுத்தர் கேட்டார். இறந்துவிட்டார் என்று அப்பா எழுதிக் கையெழுத்தே போட்டுவிட்டார். சான்றிதழ் கேட்டதும், மாலை போட்ட படத்தைக் கொண்டுவரட்டுமா என்றார்.

வாரிசாக அத்தையின் கையெழுத்தைக் கேட்க லால்பேட்டைக்கு நான்தான் போனேன். அத்தை டீ கொடுத்து, காக்கா வராத வருடம் எது என்பதுவரை விசாரித்தார். பிறகு, "கையெழுத்து போடறேன். உங்கப்பன் அங்க இருக்கணும்" என்றார்.

மூவரும் அலுவலகத்துக்குப் போனதும், முன்பு எழுதியது தவறு என்று அப்பாவை எழுதிக் கொடுக்கச் சொன்னார் எழுத்தர். 'தவறுதலாக எழுதிவிட்டேன். என் அக்கா உயிருடன் இருக்கிறார்' என்று அப்பா எழுதினார். அத்தை வாங்கிப் படித்தார்.

"எது தவறுன்னு போடலியே, தம்பி."

"நீ உயிரோட இருக்கன்னு எழுதிட்டன்ல."

"அது எனக்கே தெரியும்."

அப்பா இன்னொரு தாள் கேட்டார். ஒரு வரி போதும் என்றார் எழுத்தர். அப்பா இரண்டு பக்கமும் எழுதினார். நடுவில் என்னிடம் திரும்பி, அக்கா போனபோது தான் வாசலில் நின்றும் கூப்பிடவில்லை என்பதை எப்படி எழுதுவது என்று கேட்டார். அப்படியே எழுதுங்கள் என்றேன்.

அத்தை நின்றபடியே முழுவதையும் படித்தார். எழுத்தர் கை நீட்டினார்.

"இது ஆபீசுக்கு இல்ல" என்று தாளை மடித்துக் கைப்பையில் வைத்துக்கொண்டு, எங்கே கையெழுத்துப் போட வேண்டும் என்று கேட்டார்.