பவுனுக்குக் கிடைத்த வேஷம்

கூட்டேரிப்பட்டுப் பக்கம் எந்த வீட்டில் சாவு விழுந்தாலும் கெங்கம்மாளுக்குத்தான் முதலில் ஆள் போகும். அவள் ஒப்பாரியை எடுத்தால்தான் மற்றப் பெண்களுக்கு அழுகையே வரும். அறுபது வயது, சொந்தமாக மல்லாட்டை என்கிற வேர்க்கடலைக் கொல்லை, சாயங்காலமானால் சீரியல். அதில் தன் வயதுப் பெண்கள் அழுவதைப் பார்த்தால் அவளுக்குப் பற்றிக்கொண்டு வரும். “இதெல்லாம் ஒரு அழுவயா?” என்பாள். ஒரே ஒரு தடவை தன் முகமும் டிவியில் வரவேண்டும். இந்த ஆசையை அவள் புருஷன் அரங்கநாதனிடம்கூடச் சொன்னதில்லை.

போன சித்திரையில் ஊருக்கே சீரியல்காரர்கள் வந்தார்கள். சாவுக் காட்சியாம், வயதான பெண்கள் வேண்டுமாம். கெங்கம்மாள் முதல் நாளே தலைக்குக் கறுப்பு மை அடித்தாள், காலையில் பட்டுப்புடவை கட்டினாள், மருமகளின் சங்கிலியையும் வாங்கிப் போட்டுக்கொண்டாள். படம் பிடிக்க வருகிறவன் முன்னால் வேறெப்படிப் போய் நிற்பதாம்? பக்கத்து வீட்டுப் பவுனு களையெடுத்த கையோடு, நரைத்த தலையும் அழுக்குப் புடவையுமாக வேடிக்கை பார்க்க வந்தாள்.

உதவி இயக்குநர் கெங்கம்மாளைப் பார்த்தான். “உங்களுக்கு வயசே தெரியலியேம்மா” என்றான். அவளுக்கு உச்சி குளிர்ந்தது. அதற்குள் அவன் விரல் பவுனுவைக் காட்டியது.

“இவங்கதான் கரெக்டு. செத்துப்போன பெரியம்மா.”

“புருஷன் உசுரோட இருக்கசொல்ல எவளாவது பொணமா படுப்பாளா?” என்று கெங்கம்மாள் முணுமுணுத்தாள். பவுனு வெட்கத்தோடு போய்ப் படுத்துவிட்டாள். சரி, ஒப்பாரியாவது நமக்குத்தான் என்று நினைத்தால், அழுவதற்கும் சென்னையிலிருந்தே பெண்களை வேனில் கூட்டி வந்திருந்தார்கள். கூட்டத்தைத் தடுக்கக் கட்டியிருந்த கயிற்றுக்கு இந்தப்பக்கம் கெங்கம்மாள் கைகட்டி நின்றாள். பவுனு கழுத்தில் ரோஜா மாலை. கதாநாயகி அவள் மார்பில் விழுந்து புரண்டாள். கெங்கம்மாளுக்கு வயிறு எரிந்தது. பொணத்தைப் பார்த்தும் பொறாமைப்பட வேண்டியிருக்கிறதே என்று தன்மேலேயே கோபம் வந்தது. ஆனாலும் எரிச்சல் அடங்கவில்லை.

சீரியலில் அந்தக் காட்சி வந்த மறுநாள் காலையில் பவுனு கெங்கம்மாள் வீட்டுக்கு வந்தாள். உட்கார்ந்ததும் அழுதாள்.

“எம் பொணத்த நானே பாத்துட்டன்க்கா. எங்க ஊட்டுக்காரரு டிவிய நிறுத்திட்டு வெளிய போய்ட்டாரு. அந்த சீரியல்காரங்க ஒரு வார்த்த பேச உடல, கண்ணத் தொறக்க உடல. நம்ம வயசு பொம்பளைக்கு சாவறத உட்டா வேற வேலயே இல்லியாக்கா?”

கெங்கம்மாள் அவள் கையைப் பிடித்துக்கொண்டாள். ஆறுதல் சொல்லத்தான் வாயைத் திறந்தாள்.

“மூஞ்சிய கிட்டக்க காட்டுனானே, அது எவ்ளோ நேரம்டி இருக்கும்?”

பவுனு அழுகையை நிறுத்திவிட்டு அவளைப் பார்த்தாள்.

“அந்தத் தம்பி போன் நம்பர் இருந்தா குடு பவுனு. அடுத்த சாவுக்கு நான் படுக்கறேன்.”