இடது குளம்பில் மூன்று மில்லிமீட்டர்

எனக்குச் சும்மா உட்காரத் தெரியாது. தெலுங்கு பேசும் ஊரான உப்பலில் இயந்திர உதிரிபாகம் செய்யும் கம்பெனியில் இன்ஸ்பெக்‌ஷன் வேலை. அளவு ஒத்துப்போகாத சாமான்களைத் திருப்பி அனுப்பியே இருபது வருடம் ஓட்டியவன். அப்படிப்பட்டவனை ஞாயிறுதோறும் குதிரைப் பண்ணையில் இரண்டு மணி நேரம் காத்திருக்க வைத்தால் என்ன ஆகும்?

மகளுக்குப் பதினைந்து வயது. ஊருக்கு வெளியே இருந்த அந்தப் பண்ணையில் ஒரு பழுப்பு நிறப் பெண் குதிரையில்தான் சவாரி பழகினாள். நான் தமிழில் கேட்பேன். அவள் தெலுங்கிலோ இங்கிலீஷிலோ பதில் சொல்வாள். அவள் வாயிலிருந்து முழுசாக ஒரு தமிழ் வாக்கியம் வராதா என்று எனக்கு ஏக்கம்.

லாடம் கட்டாத குதிரை அது. ஆறு வாரத்துக்கு ஒருமுறை ஒருவர் வந்து குளம்புகளைச் சீவிவிட்டுப் போவார். குதிரையின் காலைத் தன் முழங்கால்களுக்கு நடுவே இடுக்கிக்கொண்டு, குறடால் விளிம்பை நறுக்கி, முழ நீள அரத்தால் நாலு இழுப்பு இழுப்பார். பிறகு நடக்கவிட்டுப் பார்ப்பார். அவ்வளவுதான். அளவுகோல் என்று எதையும் அவர் கையில் நான் கண்டதில்லை. அதுதான் என்னைக் குடைந்தது.

ஒரு ஞாயிறு, கம்பெனியில் சாமான்களை அளக்கும் வெர்னியர் அளவுகோலை எடுத்துக்கொண்டு போனேன். சிரிக்காதீர்கள். முன்னங்கால் குளம்புகளை அளந்தால், இடது பக்கம் மூன்று மில்லிமீட்டர் அகலம் அதிகம். அன்று சீவ வந்திருந்த அவரிடமே சொன்னேன். உங்கள் இரண்டு காலும் ஒரே அளவா என்று இந்தியில் கேட்டுச் சிரித்தார்.

"ஹாத் நக்கோ லகாவ், சாப்" என்றார். கை வைக்காதீர்கள் என்று அர்த்தம்.

மூன்று மில்லிமீட்டர்! வாரம் முழுக்க அதே நினைப்பு. சாப்பாட்டில் மனம் செல்லவில்லை. அடுத்த ஞாயிறு, சவாரி முடிந்து மகள் உடை மாற்றப் போன நேரத்தில், கார் டிக்கியிலிருந்து என் அரங்களை எடுத்தேன். குதிரை சாதுவாகக் காலைத் தூக்கிக் கொடுத்தது. இடது விளிம்பை ராவினேன். அளந்தேன், மறுபடி ராவினேன். கடைசியில் மெல்லிய அரத்தால் பளபளப்பாக்கினேன். இரண்டும் சமம். வீடு வரைக்கும் விசிலடித்துக்கொண்டே வந்தேன்.

புதன்கிழமை பண்ணையிலிருந்து போன். குதிரை நொண்டுகிறது.

மகளோடு ஓடினேன். அது இடது முன்னங்காலை ஊன்ற முடியாமல் நின்றது. பண்ணைக்காரர் குளம்பு சீவுகிறவரை வரவழைத்து, எக்கச்சக்கமாகச் சீவிக் குதிரையைக் கெடுத்துவிட்டாய், இனி இந்தப் பக்கம் வராதே என்று கத்திக்கொண்டிருந்தார். சீவுகிறவர் குதிரையின் காலைத் தூக்கி, விளிம்பில் கட்டைவிரலை ஓட்டினார். அவருடைய அரம் சொரசொரப்பாகத் தடம் விடும். இதுவோ கண்ணாடி மாதிரி இருந்தது. தலையை நிமிர்த்தி என்னைப் பார்த்தார்.

"யே மேரா ஹாத் நை" என்று பண்ணைக்காரரிடம் சொன்னார். இது என் கைவேலை இல்லை. வேறு யாருடையது என்று அவர் சொல்லவில்லை.

எனக்கு நிலைகொள்ளவில்லை. கார் வரைக்கும் போனேன், திரும்பி வந்தேன், மறுபடி போனேன். மகள் குதிரையின் கழுத்தைக் கட்டிக்கொண்டு அந்த மனிதரை முறைத்துக்கொண்டிருந்தாள். எனக்குச் சேர வேண்டிய முறைப்பு. வெட்கம் பிடுங்கித் தின்றது.

"நான்தான் ராவினேன்" என்றேன். பண்ணைக்காரருக்கு இந்தியில், மகளுக்குத் தமிழில்.

திட்டு விழும் என்று காத்திருந்தேன். சீவுகிறவர் பஞ்சும் துணியும் கொண்டுவந்து என்னைக் குனியச் சொன்னார். குதிரையின் காலை என் கைகளில் வைத்தார்.

"ஹில்னா நக்கோ."

அசையவில்லை. அவர் நிதானமாகக் கட்டுப் போட்டார். குதிரை கொஞ்சம் கொஞ்சமாகத் தன் பாரத்தை என்மேல் சாய்த்தது. முதுகு விண்விண் என்று தெறித்தது. குளம்பு வளர்ந்தால் சரியாகிவிடும், ஆனால் ஒன்றரை மாதம் சவாரி கூடாது என்றார். பண்ணைக்காரர் அவரிடம் மன்னிப்புக் கேட்டார். நானும் கேட்டேன்.

காலை மெதுவாக இறக்கி வைத்துவிட்டு நிமிர்ந்தேன். மகள் எதிரே நின்று கையை நீட்டினாள். வெர்னியர் என் சட்டைப் பையில்தான் இருந்தது.

"அத குடுங்கப்பா. இனிமே இவ காலத் தொடாதீங்க."

முழுக்கத் தமிழில்தான் சொன்னாள். எடுத்துக் கொடுத்தேன்.