அனிகேதன் என்கிற கயிறு அண்ணன்

வீடு மாற்றிக் கொடுக்கும் எங்கள் வண்டியில் நாலு பேர் இருக்கிறோம். ஓட்டுநர், பீரோவை ஒற்றை ஆளாக முதுகில் ஏற்றும் பஞ்சு, கண்ணாடியும் பீங்கானும் காகிதத்தில் சுற்றுகிற நான், எங்கள் மூவருக்கும் தலைவரான கயிறு அண்ணன். அவர் தோளில் எப்போதும் ஒரு சுருள் கயிறு கிடக்கும். சாப்பிட உட்கார்ந்தாலும் கழற்ற மாட்டார்.

"கல்யாணத்தன்னைக்காவது கழட்டினீங்களாண்ணே?" என்று ஓட்டுநர் ஒருமுறை கேட்டார்.

"மாலைக்கு அடியில கெடந்துச்சு. உங்க அண்ணியைத் தவிர யாரும் பாக்கல."

பதினோரு வருஷம் கூட வேலை பார்த்தும் அவருடைய சொந்தப் பெயர் என்னவென்று எனக்குத் தெரியாது. அவருடைய ஒரே மகளுக்கு ஆண் குழந்தை பிறந்த பிறகுதான் தெரிந்தது. அன்று காலை மிட்டாய்ப் பொட்டலத்தோடு வந்தார். பிரிக்காமலே நின்றார். முகம் மட்டும் பிரிந்து கிடந்தது.

"பாப்பா அவ புள்ளைக்கு என் பேரை வைக்கப் போறாளாம்டா."

"கயிறுன்னா?" என்றான் பஞ்சு.

"அனிகேதன்னு."

நாங்கள் ஒருவரை ஒருவர் பார்த்துக்கொண்டோம். "யாருண்ணே அது?" என்று ஓட்டுநர் கேட்டார்.

"நான்தான்டா!"

அப்புறம்தான் கதையைச் சொன்னார். அவருடைய அப்பாவும் சுமை தூக்கியவர். இவர் பிறந்த அன்று, வீட்டைக் காலி செய்துகொண்டிருந்த ஒரு படித்த மனிதருடைய புத்தக மூட்டைகளைத் தூக்கிக்கொண்டிருந்தார். ஆண் பிள்ளை என்று தகவல் வந்ததும், மூட்டையை இறக்கி வைத்துவிட்டு, "ஐயா, நல்ல பேரா ஒண்ணு சொல்லுங்க" என்று கேட்டிருக்கிறார். அந்த மனிதர் கொஞ்ச நேரம் யோசித்துவிட்டு ஒரு காகித ஓரத்தைக் கிழித்து எழுதிக் கொடுத்தார். அப்பாவுக்குப் படிக்கத் தெரியாது. வழியில் மூன்று பேரிடம் காட்டிப் படிக்கச் சொல்லி, மூன்று பேரும் ஒரே மாதிரி சொன்ன பிறகு, அதையே வாய்க்குள் சொல்லிக்கொண்டு வீட்டுக்கு வந்தார். அது பள்ளிக்கூடப் பதிவேட்டில் ஏறியது. தெருவில் யார் வாயிலும் நுழையவில்லை. பிறகு கயிறு வந்தது. பெயர் போனது.

"அர்த்தம் என்னண்ணே?" என்றான் பஞ்சு.

"யாருக்குத் தெரியும்? பெரிய மனுஷன் வச்சது, நல்லதாத்தான் இருக்கும்" என்று சொல்லி மிட்டாயைப் பிரித்தார்.

அந்த நம்பிக்கை ஞாயிற்றுக்கிழமை வரைக்கும்தான் தாங்கியது.

அவருடைய சம்பந்தியம்மா ஒரு தையல்காரர். முப்பத்தோரு வருஷமாக ஒரே வாடகை வீட்டில், முன் அறையில் மெஷின் போட்டுத் தைத்து மகனை ஆளாக்கியவர். வீட்டுக்காரர் வீட்டை விற்றுவிட்டதால் அந்தப் புதன்கிழமை காலி செய்ய வேண்டும். வேறு ஒரு அடுக்குமாடியில் இரண்டாவது மாடியில் வீடு பார்த்திருந்தார்கள். என்னென்ன சாமான் இருக்கிறது என்று பார்க்க நாங்கள் ஞாயிற்றுக்கிழமை போனோம். அண்ணனுடைய மகள் குழந்தையை மடியில் வைத்துக்கொண்டு கட்டிலில் உட்கார்ந்திருந்தாள். சம்பந்தியம்மா கையில் செல்போனோடு வாசலிலேயே பிடித்துக்கொண்டார்.

"சம்பந்தி, உங்க பேருக்கு என்ன அர்த்தம்னு தெரியுமா?"

"நல்ல அர்த்தம்தாங்க."

"எதிர் வீட்டுப் பொண்ணு பாத்துச் சொன்னா. வீடு இல்லாதவன்." செல்போனை அவர் முகத்துக்கு நேராக நீட்டினார். "இருந்த வீட்டை விட்டு என்னைக் கெளப்புறாங்க. இந்த நேரத்துல பொறந்த கொழந்தைக்கு வீடு இல்லாதவன்னு பேரு. ரொம்பப் பொருத்தம்!"

அண்ணன் சிரித்தார். பிறகு அது நகைச்சுவை இல்லை என்று புரிந்ததும் சிரிப்பை எங்கே வைப்பது என்று தெரியாமல் நின்றார்.

"அத்தை, எங்கப்பா பேர்தான்" என்றாள் மகள், குழந்தையைத் தட்டிக்கொண்டே.

"நீ பால் குடு. வெள்ளிக்கிழமைக்குள்ள பொறப்புப் பதியிற ஆபீஸ்ல பேரைக் குடுக்கணும். நான் படிவத்துல எழுதி வச்சாச்சு. சின்னதா, ரெண்டே எழுத்து. கூப்பிட்டா ஓடி வருவான். உங்கப்பா பேரைக் கூப்பிட்டு முடிக்கிறதுக்குள்ள கொழந்தை வளந்துடும்."

திரும்பும்போது அண்ணன், வண்டி சிக்னலில் நின்றபோது சொன்னார்: "அந்த ஆளு எங்கப்பாவைக் கிண்டல் பண்ணிட்டானோ? மூட்டை தூக்குறவன் புள்ளைக்கு வீடு இல்லாதவன்னு எழுதிக் குடுத்துட்டு, உள்ள போய்ச் சிரிச்சிருப்பானோ? எங்கப்பா அந்தக் காகிதத்தை மூணு பேர்கிட்ட காட்டியிருக்காருடா."

நான் வண்டியில் அதிகம் பேசுகிறவள் இல்லை. "அந்தக் காலேஜ் டீச்சரைக் கேக்கலாமே" என்றேன். இரண்டு வருஷத்துக்கு முன் நாங்கள் வீடு மாற்றிக் கொடுத்த பெண்; கல்லூரியில் சமஸ்கிருதம் சொல்லிக் கொடுப்பவர்.

"நாப்பத்தாறு பெட்டி புத்தகம், மூணாவது மாடி, லிஃப்ட் கெடையாது" என்றான் பஞ்சு. "அவங்களை எனக்கு மறந்தாலும் என் முட்டிக்கு மறக்காது."

டீச்சர் தரையில் பரீட்சைத் தாள்களைப் பரப்பித் திருத்திக்கொண்டிருந்தார். நாலு பேரையும் ஒன்றாகப் பார்த்ததும், "ஐயோ, நான் காலி பண்ணலையே!" என்றார். விஷயத்தைச் சொன்னோம்.

"உங்க சம்பந்தி சொன்னது சரிதான். நிகேதம்னா வீடு. முன்னால 'அ' வந்தா இல்லைன்னு ஆயிடும். அனிகேதன்னா வீடு இல்லாதவன்."

அண்ணன் தலையை ஆட்டினார். தெரிந்த கெட்ட செய்தியை மறுபடி கேட்கிறவர் மாதிரி.

"இருங்க, முடிக்கல. எங்க போனாலும் இது என் எடம், அது உன் எடம்னு கட்டிப் பிடிச்சுக்காத மனுஷங்க இருக்காங்க இல்ல, அவங்களைப் புகழ்றதுக்குப் பழைய நூல்கள்ல வர்ற வார்த்தை இது. துறவிகளைச் சொல்வாங்க. சாமியையே சொல்வாங்க."

"கிண்டலா இருக்காதுங்களா?"

"கிண்டல் பண்ண அந்த பாஷையில வேற வார்த்தை எவ்வளவோ இருக்கு. எனக்கே நெறையத் தெரியும், என் மாணவர்கள் தாள்ல அதைத்தான் எழுதலாமான்னு இருக்கேன்." அவர் சிரித்தார். "ஒருத்தரைக் கேலி பண்றதுக்காக யாரும் இவ்வளவு அழகான வார்த்தையைத் தேடிப் போக மாட்டாங்கண்ணா. உங்கப்பா கேட்டதும் அவர் யோசிச்சாருன்னு சொன்னீங்களே, அப்ப நல்ல பேரைத்தான் யோசிச்சிருக்காரு. சில வீட்டு கேட்டுல ஏதோ நிகேதன்னு பலகை இருக்குமே, பாத்திருக்கீங்களா?"

"பாக்காமலா?" என்றான் பஞ்சு. "எத்தனை பலகை கழட்டி மாட்டியிருக்கோம்!"

"அந்த நிகேதன்தான் உங்க பேருக்குள்ளயும் இருக்கு."

மூன்று மாடியும் அண்ணன் அந்தப் பெயரைச் சொல்லிக்கொண்டே இறங்கினார். ஒவ்வொரு திருப்பத்திலும் ஒவ்வொரு விதமாக. திரும்பும் வழியில் அப்படி ஒரு பலகை கண்ணில் பட்டபோதெல்லாம் ஓட்டுநர் ஹாரன் அடித்து, "அண்ணே, உங்க பேருக்கு எதிர்க்கட்சி வீடு!" என்றார். ஆறு தடவை அடித்தார். ஆறு தடவையும் அண்ணன் வயிறு குலுங்கச் சிரித்தார்.

சிரிப்பு அடங்குவதற்குள் சம்பந்தியம்மாவுக்குப் போன் போட்டார். "கேட்டுட்டேங்க. பெரிய பேராம்! துறவிகளைச் சொல்ற பேராம்!"

அந்தப் பக்கத்துக் குரல் எங்கள் எல்லோருக்கும் கேட்டது. "அது அதைவிட மோசம்! எம் பேரன் பொண்டாட்டி புள்ளையை விட்டுட்டு மலை ஏறிப் போகணுமா?"

அண்ணன் போனை, தன்னைக் கடித்துவிட்ட நாயைப் பார்ப்பது போலப் பார்த்தார்.

புதன்கிழமை காலை ஆறு மணிக்குச் சம்பந்தியம்மா வீட்டில் இருந்தோம். அண்ணனுக்கு ஒரு வழக்கம் உண்டு. எந்த வீட்டிலும் முதலில் சமையலறைக்குத்தான் போவார். அடுப்படியில் அதிகம் நிற்பவர் யாரோ அவரை அங்கே நிறுத்துவார்.

"சம்பந்தியம்மா, கண்ணை மூடிக்குங்க. சர்க்கரை டப்பாவை எடுங்க."

"எதுக்கு?"

"எடுங்க, சொல்றேன்."

கண்ணை மூடிக் கையை நீட்டினார். கை நேராகப் போய் டப்பாவில் நின்றது. அண்ணன் தோளிலிருந்து கயிற்றை எடுத்து, தரையிலிருந்து அந்தக் கை வரைக்கும் பிடித்து ஒரு முடிச்சுப் போட்டார். சுவரிலிருந்து ஒன்று. அடுப்பிலிருந்து ஒன்று. பிறகு உப்பு, டீத்தூள், தீப்பெட்டி.

"நான் தையல்காரி. என்கிட்ட இஞ்ச் டேப் இருக்கு. கேட்டா தர மாட்டேனா?"

"டேப்பு எல்லாருக்கும் ஒண்ணுதானுங்க. இது உங்க கை."

சம்பந்தியம்மா முன் அறைக்குப் போய்விட்டார்.

எங்கள் வேலையில் ஒரு கெடுதல் உண்டு. கை ஓடத் தொடங்கினால் கண் பார்க்காது. பஞ்சு ஒருமுறை ஒரு வீட்டில் கொதிக்கிற சாம்பார் பாத்திரத்துக்கு மூடி போட்டு, டேப் ஒட்டி, வண்டியில் ஏற்றியிருக்கிறான். அன்று குப்பைக்கூடையைக் குப்பையோடு கட்டினான். சம்பந்தியம்மாவின் இடது செருப்பை மட்டும் ஒரு பெட்டிக்குள் போட்டுவிட்டதால், அவர் புது வீட்டுக்கு வெறுங்காலோடு வந்தார். நான் அலமாரியில் இருந்த பழைய காகிதங்களை அள்ளி, ஒவ்வொன்றாக உருவி, டப்பாவும் கண்ணாடியும் சுற்றிக்கொண்டே இருந்தேன்.

மத்தியானம் இரண்டு மணிக்குள் ஐம்பத்தெட்டு பெட்டியும் மேலே போய்விட்டன. சம்பந்தியம்மா புது வீட்டின் நிலைப்படியிலேயே நின்றார். மகன் நாற்காலி போட்டும் உட்காரவில்லை.

"ஆஸ்பத்திரி மாதிரி இருக்கு" என்றார். "எந்தப் பக்கம் திரும்புறதுன்னே தெரியல." குரல் உடைந்தது. உடனே சரிசெய்துகொண்டு, "அந்தப் படிவத்தை எடுங்க, நாளைக்குக் கொண்டுபோய்க் குடுத்துடறேன்" என்றார்.

படிவம் இல்லை. அலமாரியில் வைத்தேன் என்றார். எந்த அலமாரி என்றோம். சமையலறை அலமாரி, பழைய காகிதத்துக்கு நடுவில், பத்திரமாக இருக்கட்டும் என்று. நான் காகிதம் சுற்றிய டப்பாக்களைத் திரும்பிப் பார்த்தேன்.

அண்ணன் என் முகத்தைப் பார்த்தார். அவருக்குப் புரிந்துவிட்டது. "சம்பந்தியம்மா, எல்லாருக்கும் ஒரு டீ போடுங்களேன், தேடிடலாம்" என்றார்.

அதற்குள் அவர் சமையலறைப் பலகைகளைக் கயிற்று முடிச்சின் கணக்கில், பழைய அடுப்படியில் இருந்த அதே உயரத்தில் அடித்து, டப்பாக்களைச் சுற்றிய காகிதத்தோடு அப்படியே வைத்திருந்தார். சம்பந்தியம்மா மகனைத் திட்டிக்கொண்டே உள்ளே போனார். பேச்சு வெளியே பார்த்து இருந்தது. கை தானாகப் போய்ச் சர்க்கரை டப்பாவை எடுத்தது, காகிதத்தை உருவியது. திட்டு பாதியில் நின்றது.

டப்பாவைப் பார்த்தார். கையில் கசங்கிக் கிடந்த காகிதத்தைப் பார்த்தார். அதில் அவரே எழுதிய இரண்டு எழுத்து, எண்ணெய்ப் பிசுக்கில் ஊறிக் கிடந்தது.

"அத்தனை காகிதத்துல உனக்கு இதுதான் கெடச்சுதாம்மா?" என்றார் என்னிடம்.

நான் தரையைப் பார்த்தேன். திட்டு விழும் என்று காத்திருந்தேன். விழவில்லை. நிமிர்ந்தபோது அவர் கண்ணை மூடிக்கொண்டு நின்றார். கையை நீட்டினார். உப்பு. இன்னொரு முறை. டீத்தூள். தாழ்வாக, இடது பக்கம். தீப்பெட்டி. கண்ணைத் திறக்காமலே சிரிக்க ஆரம்பித்தார்.

"இவர் போற வீட்டுல எல்லாம் இப்படித்தான் பண்ணுவாரா?"

"ஆமாங்க."

"எத்தனை வீடு?"

"எனக்குத் தெரிஞ்சு பதினோரு வருஷமா. ஆயிரத்துக்கு மேல இருக்கும்."

டீயைப் போட்டு அவரே கொண்டு வந்து கொடுத்தார். அண்ணனுக்கு மட்டும் இரண்டு ஸ்பூன் சர்க்கரை அதிகம். பிறகு மருமகளைப் பார்த்து, "படிவம் கெட்டுப்போச்சு. நாளைக்குப் புதுசு வாங்கணும். அதுல என்ன எழுத?" என்றார்.

மகள் அப்பாவைப் பார்த்தாள். அப்பா டீயைப் பார்த்தார்.

"சாமியாராப் போயிட்டா உங்களுக்குப் பரவாயில்லையா அத்தை?"

"உங்கப்பா போனாரா? வந்ததுலேருந்து மூணு தட்டு சோறு காலி. துறவியாம் துறவி! அவர் பேரையே எழுது."

பஞ்சு ஒரு சத்தம் போட்டான். குழந்தை விழித்துக்கொண்டு அழுதது. கயிறு அண்ணன் டீத் தம்ளரோடு பால்கனிக்குப் போய் வெளியே பார்த்து நின்றார். கொஞ்ச நேரம் யாரும் அந்தப் பக்கம் போகவில்லை.

மறுநாள் ஆபீஸுக்கு எல்லோரும் போனோம். ஓட்டுநர் மட்டும் வண்டியை நிறுத்த இடம் தேடிக்கொண்டிருந்தார். சம்பந்தியம்மா கண்ணாடித் தடுப்புக்கு இந்தப் பக்கம் நின்று ஒவ்வொரு எழுத்தாகச் சொன்னார். கிளார்க் எழுதிவிட்டு நிமிர்ந்தார்.

"இதுவரைக்கும் கேக்காத பேரா இருக்கே. என்ன அர்த்தம்?"

"வீடு இல்லாதவன்!" என்றார் அண்ணன். வரிசை முழுவதும் திரும்பிப் பார்த்தது.

"ஊருக்கே சொல்லணுமா? மெதுவா சொல்லுங்க சம்பந்தி" என்றார் சம்பந்தியம்மா. ஆனால் அவரும் சிரித்துக்கொண்டிருந்தார்.

"சரி" என்றார் கிளார்க். "விலாசம்?"

சம்பந்தியம்மா வாயைத் திறந்தார். பழைய வீட்டு எண்ணைச் சொல்லி, இல்லை இல்லை என்று கையை ஆட்டினார். மகனைப் பார்த்தார். மகன் மனைவியைப் பார்த்தான். அவள் அப்பாவைப் பார்த்தாள். நேற்று ஐம்பத்தெட்டு பெட்டியைக் கொண்டுபோய் இறக்கிய வீட்டின் கதவு எண் எங்கள் ஒருவருக்கும் தெரியவில்லை. கிளார்க் பேனாவைக் கீழே வைத்துவிட்டு எங்களை ஒவ்வொருவராகப் பார்த்தார்.

"ஏங்க, கொழந்தைக்கு மட்டுந்தான் வீடு இல்லையா, உங்க யாருக்குமே இல்லையா?"

பஞ்சு வாசலுக்கு ஓடி, விலாசச் சீட்டை வைத்திருந்த ஓட்டுநருடைய பெயரைச் சொல்லித் தெருவே அதிரக் கூப்பிட்டான்.