சம்பந்தி வீட்டுச் சாவு

பங்களாவின் சாப்பாட்டு அறையில் துரை உட்கார்ந்திருந்த கதிரை மல்லாந்து விழுந்த சத்தம் குசினிவரை கேட்டது. அதைத் தொடர்ந்து துரையின் குரல். கோபமா, அழுகையா என்று பிரித்தறிய முடியாத குரல். ரொட்டிக்கு மாவு பிசைந்துகொண்டிருந்த ரத்தினம்மா கையை எடுக்கவும் மறந்து நின்றாள்.

தோட்டம் கைமாறிவிட்டது என்றுதான் அவளுக்கு முதலில் தோன்றியது. கோப்பி இலையில் நோய் விழுந்த நாளிலிருந்து கண்டிக்குப் பக்கத்து அம்பிட்டிய மலையைச் சுற்றி ஒவ்வொரு பங்களாவாகப் பூட்டிக்கொண்டு வந்தார்கள். தபால் வரும் காலைகளில் எல்லாம் அவள் காது சாப்பாட்டு அறைப் பக்கமே இருக்கும். அதுவும் இந்த வாரமா? வெள்ளிக்கிழமை மகள் வேலாயிக்குக் கல்யாணம் வைத்திருக்கும் இந்த வாரமா?

பட்லர் அழகையா காலித் தட்டோடு உள்ளே வந்தார்.

“பயப்படாத. தோட்டத்துக்கு ஒண்ணுமில்ல. ரஷ்யா தேசத்து ராஜாவைக் கொன்னுட்டாங்களாம்.”

ரத்தினம்மாவுக்குப் போன உயிர் திரும்பி வந்தது. ஒருவன் செத்த சேதியில் இப்படி மூச்சு விடுகிறோமே என்று அடுத்த கணமே வெட்கமும் வந்தது.

துரையின் கதிரைக்குப் பின்னால் நின்று நின்றே இங்கிலீசு படித்தவர் அழகையா. பேப்பரில் இருந்ததை அவர் சொல்லச் சொல்ல, தாயும் குசினியில் கூட இருந்த மகளும் கேட்டார்கள். அந்தத் தேசத்தில் ஏழை சனங்களை மண்ணோடு சேர்த்துக் கட்டிவைத்திருந்தார்களாம்; நிலத்தை விற்றால் ஆளும் சேர்ந்தே போவானாம். அந்தக் கட்டை ஒரே கையெழுத்தில் அவிழ்த்துவிட்டவர் இந்த ராஜாதானாம். ஆனால் அது போதாது, ராஜாவே வேண்டாம் என்று படித்த இளசுகள் சில பேர் ரகசியமாகக் கூடி, அவர் வண்டிமேல் குண்டு வீசிவிட்டார்களாம். முதல் குண்டு அவரை ஒன்றும் செய்யவில்லை. வண்டியை ஓட்டிக்கொண்டு போயிருக்கலாம். பனியில் விழுந்து கிடந்தவர்களைப் பார்க்கவென்று இறங்கினாராம். இரண்டாவது குண்டு காலடியில் வந்து விழுந்தது.

“அவுத்துவிட்டவரையே கொல்லுவாங்களா?” என்று ரத்தினம்மா அங்கலாய்த்தாள்.

தேங்காய் துருவிக்கொண்டிருந்த வேலாயி தலை நிமிரவில்லை. “அவுத்தது பாதி, அவுக்காதது பாதியா இருந்திருக்கும்.”

அந்த ஊரிலும் கங்காணி உண்டா என்று அழகையா விளையாட்டாகக் கேட்டுவைத்தார்.

“கங்காணி இல்லாத ஊர்ல குண்டுக்கு என்ன வேலை?” என்றாள் வேலாயி.

வரப்போகிற மாமனார் காளிமுத்துவே தோட்டத்தில் ஆட்களை மேய்த்து வேலை வாங்கும் ஒரு கங்காணி. ரத்தினம்மா மாவுக் கையாலேயே மகளின் கன்னத்தில் இடித்தாள். இடித்தவளுக்கும் சிரிப்பு வந்துவிட்டது.

ஆனால் அழகையா போன பிறகு அவள் அடுப்புப் பக்கம் திரும்பி விறகைத் தள்ளினாள். அடிபட்டவனைப் பார்க்க இறங்கி உயிரை விட்ட ஒருவனை அவளும் அறிவாள். அவன் பெயர் மூக்கையா. அவளுடைய அத்தை மகன்.

புதுக்கோட்டைப் பக்கத்துக் கிராமத்தில் இருவருக்கும் நாள் குறித்து, பந்தல் காலும் நட்டாகிவிட்டது. அந்த வாரம் பார்த்து மூக்கையாவின் பெரியப்பா கண்ணை மூடினார். வருஷம் திரும்பட்டும் என்றார்கள் பெரியவர்கள். வருஷம் திரும்புவதற்குள் மழை பொய்த்து, ஊரே கோப்பி மலைக்குக் கிளம்பியது. தாலியைக் கண்டியில் கட்டிக்கொள்ளலாம் என்று இவர்களும் கூட்டத்தோடு தோணியேறி, கரையிறங்கி நடந்தார்கள். வடக்குக் காட்டுப் பாதையில் பேதி கண்டது. ஒரு புருஷனும் பெண்சாதியும் வழியோரம் சுருண்டு விழுந்தபோது, கூட்டம் வாயைத் துணியால் பொத்திக்கொண்டு விலகி நடந்தது. மூக்கையா ஒருவன்தான் திரும்பிப் போனான். தண்ணீர் கொடுத்தான். அடுத்த தங்கல் வருவதற்குள் அவனும் விழுந்தான்.

அந்தப் பெண்சாதி விட்டுப்போன பால்குடிப் பெண் குழந்தையை இடுப்பில் தூக்கிக்கொண்டு ரத்தினம்மா கண்டிக்கு வந்து சேர்ந்தாள். அந்தக் குழந்தைதான் வேலாயி.

அறுத்துப்போடத் தாலி இல்லாததால் அவளை யாரும் விதவை என்று சொல்லவில்லை. கட்டியவனும் இல்லாததால் சுமங்கலி என்றும் சொல்லவில்லை. கட்டிக்கொள்கிறேன் என்று கேட்டு வந்தவர்களிடம், பிள்ளை போதும் என்றாள். அவளுக்காகப் பரிதாபப்பட்டவர்கள்தான் பாவம். பங்களாக் குசினியின் வெதுவெதுப்பும், பின்கட்டில் தனக்கென்று ஓர் அறையும், சம்பள நாளில் கண்டிக் கடைத்தெருவில் மகளுக்கு வாங்கும் கண்ணாடி வளையலும் அவளுக்கு நிறைவான வாழ்க்கையாகத்தான் இருந்தன. அந்த நிறைவுக்கு ஒரு குறை இருந்தது என்றால், அது வெள்ளிக்கிழமையோடு தீர்ந்துவிடும் என்று இருந்தாள்.

மறுநாள் பின்னேரம் மழைக்கு முன்னால் காளிமுத்துக் கங்காணி ரத்தினம்மாவின் அறைக்கு வந்து சேர்ந்தார். நல்ல மனுஷர்தான். ஆனால் சாஸ்திரத்துக்கு அடுத்தபடி சர்க்காரைக் கும்பிடுகிறவர். வேலாயி தட்டியின் பின்னால் மறைந்துகொண்டாள். கங்காணி பெட்டிமேல் உட்கார்ந்து, கோப்பியைத் தொடாமலே விஷயத்துக்கு வந்தார். கண்டியில் கொடியைப் பாதிக்கு இறக்கிவிட்டார்களாம். செத்த ராஜாவின் மகளைத்தான் நம் மகாராணியின் மகன் கட்டியிருக்கிறாராம். மகாராணியோ குடிகளுக்குத் தாய். தாய் வீட்டில் இழவு விழுந்திருக்கும்போது பிள்ளைகள் மேளம் கொட்டினால் அடுக்குமா? ஆகவே கல்யாணம் இப்போது வேண்டாம். வருஷம் திரும்பட்டும்.

கல்யாணத்தைத் துரை தடுக்கவில்லை. இப்படி ஒரு கல்யாணம் நிற்கப்போகிறது என்பது துரைக்குத் தெரியவும் தெரியாது. தடுத்தது எல்லாம் கங்காணியின் விசுவாசம்தான்.

ரத்தினம்மா நிமிர்ந்து அவரைப் பார்த்தாள். அதே வார்த்தை! அன்று கிராமத்தில் கேட்ட அதே இரண்டு வார்த்தை, கடல் தாண்டி மலையேறி அவள் அறைக்குள் வந்து உட்கார்ந்திருந்தது. தட்டியின் பின்னால் வேலாயியின் வளையல் ஒருதரம் குலுங்கி நின்றது. அந்தச் சின்ன ஓசைதான் தாய்க்கு வாயைத் திறந்துவிட்டது.

“ஒரு தடவ வருசம் திரும்பட்டும்னாங்க அண்ணே. என் கல்யாணம் இன்னும் நடக்கல.”

கங்காணி தலையைக் குனிந்துகொண்டார். அந்தக் கதை அவருக்கும் தெரியும். ஆனாலும், முறை என்று ஒன்று இருக்கிறதே என்று முணுமுணுத்தார்.

“முறையவே பேசுவோம்” என்றாள் ரத்தினம்மா. “நானும் நீங்களும் சம்பந்தி ஆகப்போறோம். நாளைக்கு நான் கண்ண மூடினா உங்க வீட்டுக்கு எத்தன நாள் தீட்டு?”

“சம்பந்திக்கு என்னம்மா தீட்டு? எடுத்துப் போட்டதும் ஒரு முழுக்கு.”

“மக வேலாயிக்கு?”

“கட்டிக்குடுத்த பொண்ணு. மூணு நாள்.”

“அப்ப அந்த ராஜா மகளுக்கு மூணு நாள். நம்ம மகாராணிக்கு?”

காளிமுத்து பெட்டிமேல் சற்று நகர்ந்து உட்கார்ந்தார். விரலை மடக்கி ஏதோ கணக்குப் பார்த்தார். பங்காளி முறை எங்கேயாவது அகப்படுமா என்று தேடினாரோ என்னவோ, அகப்படவில்லை. மழை பிடித்துக்கொண்டு கூரையில் கொட்டியது. ஆறிப்போன கோப்பியை எடுத்து ஒரே மூச்சில் குடித்தார்.

“மகாராணிக்கு ஒரு முழுக்குத்தான்” என்றார் கடைசியில். “அவுங்களுக்கே அவ்வளவுன்னா, நமக்கு அதுவும் கிடையாது.”

“இருந்தாலும் முழுகிருங்க அண்ணே. நானும் காலையில முழுகிட்டேன். விழுந்து கெடந்தவன பாக்க இறங்கின மனுசன். அவருக்கு நாம ஒரு முழுக்குப் போட்டா கொறஞ்சா போயிருவோம்?”

இதைச் சொல்லும்போது அவள் முந்தானையால் கண்ணைத் துடைத்துக்கொண்டாள். அந்தக் கண்ணீர் ராஜாவுக்கா, மூக்கையாவுக்கா என்று காளிமுத்து கேட்கவில்லை. வெள்ளிக்கிழமை விடியற்காலையிலேயே மேளக்காரர்களை அனுப்பிவைப்பதாகச் சொல்லி எழுந்தார்.

வாசலில் நின்று வெளியே பார்த்தார். கமுக்கட்டில் குடை இருந்தது, விரிக்கவில்லை. தலைப்பாகையை அவிழ்த்து மடியில் கட்டிக்கொண்டார்.

“இதுவே முழுக்கா இருந்துட்டுப் போகட்டும்” என்று சொல்லிவிட்டு, அந்தக் கொட்டுகிற மழையில், தோட்டத்து ஆட்கள் குடியிருக்கும் லயத்தைப் பார்த்து இறங்கி நடந்தார்.

தட்டியின் பின்னால் வேலாயி அடக்கிவைத்திருந்த சிரிப்பு பீறிட்டு வந்தது. சாரல் உள்ளே அடித்தது. ரத்தினம்மா கதவைச் சாத்தினாள்.